மந்திர சக்தி உள்ள எழுத்துமுறை ஒன்றை உருவாக்குகிறேன், அதற்கு என்ன கட்டுப்பாடு வைப்பது?

கொடிக்கால் கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். சோழவந்தான் பக்கத்துக் கிராமத்திலிருந்து எழுதுகிறேன். ஒரு மாயநாட்டுக் கதை எழுதிக்கொண்டிருக்கிறேன், நாவலாகவே வளர்ந்துவிடும் போலிருக்கிறது. நாட்டின் பெயர் ஏழ்பாறை. வறண்ட மேட்டு நிலம், நெடுமணல் என்று ஒரு ஆறு, அதில் வருஷத்தில் சில மாதம்தான் தண்ணீர், சுற்றிலும் மொட்டைப் பாறைகள். நம்ம ஊர்ப்பக்கத்தை மனசில் வைத்துத்தான் எழுதுகிறேன் என்று சொல்லாமலே புரியும்.

அங்கே பொறியெழுத்து என்று ஒன்று இருக்கிறது. அதில் எழுதியது நடக்கும். மொத்தம் 36 எழுத்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு சக்தி. ஒன்று நெருப்பு, ஒன்று நீர், ஒன்று உறக்கம், இப்படி. எழுதத் தெரிந்தவர்களுக்குப் பொறியர் என்று பெயர், பாறை உச்சியில் குடியிருக்கிறார்கள். கதாநாயகி செவ்வந்தி குயவர் வீட்டுப் பெண், அவளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க மாட்டார்கள், ஒளிந்திருந்து பார்த்துத்தான் கற்றுக்கொள்கிறாள்.

சிக்கல் எங்கே வருகிறது என்றால், அவள் கற்றுக்கொண்ட பிறகு கதை படுத்துவிடுகிறது. எழுதுகிறாள், நடக்கிறது. மறுபடி எழுதுகிறாள், மறுபடி நடக்கிறது. படித்துப் பார்த்த தோழிகளும் இதையேதான் சொன்னார்கள். எழுதினால் உடம்பு சோர்ந்துபோகும், ஆயுள் குறையும், ரத்தத்தால்தான் எழுதணும் என்ற மாதிரி விதிகளை எல்லா மாயக்கதையிலும் பார்த்துப் பார்த்துச் சலித்துவிட்டது. எனக்கு வேண்டியது இந்த மண்ணில் எழுத்து எப்படி இருந்ததோ அதிலிருந்து பிறக்கிற ஒரு கட்டுப்பாடு. எழுத்து தெரிந்தும் ஏன் எல்லாம் கைகூடவில்லை என்பதற்கு வாசகர் நம்புகிற மாதிரி ஒரு காரணம் வேண்டும். அப்புறம், எழுத்தின் வடிவத்தைப் புத்தகத்தில் காட்டணுமா, பழைய கல்வெட்டுகளில் வருகிற வட்டெழுத்தை அப்படியே எடுத்துக்கொள்ளலாமா என்பதும் தெரியணும்.

உயிர் எழுத்து உயிர் கொடுக்கும், மெய் எழுத்து உடம்பு கொடுக்கும் என்று யாரும் சொல்ல வேண்டாம், ப்ளீஸ். அது எனக்கும் முதலிலேயே தோன்றியது, அதைத் தாண்டி ஏதாவது சொல்லுங்கள்.

---

கல்வெட்டுப்பித்தன் (மேலூர்):

தங்கச்சி, எழுத்துக்கு ஒரு சக்தி என்ற அந்த அட்டவணையை முதலில் எடுத்துவிடுங்கள். நெருப்புக்கு ஒன்று, தண்ணீருக்கு ஒன்று என்று வைத்தால் அது எழுத்துமுறை ஆகாது, 36 பொத்தான்தான். அமுக்கினால் வேலை செய்யும், கதை அங்கேயே நின்றுவிடும். எழுத்து என்றால் ஒலியைக் குறிக்கணும், சேர்ந்து சொல்லாகணும், அதைப் படிக்கிற முறை என்று ஒன்று இருக்கணும். தப்பாகப் படிக்க வழி இருந்தால்தான் அது எழுத்து.

மாங்குளம் மலைக்குப் போயிருக்கிறீர்களா? மீனாட்சிபுரத்தில் ஏறணும். நெடுஞ்செழியனின் பணியாள் கடலன் வழுதி என்பவன் நந்தசிரி குவன் என்ற துறவிக்குப் பள்ளி, அதாவது குகையில் தங்குமிடம், வெட்டிக் கொடுத்த செய்தி அங்கேதான் பாறையில் பழைய பிராமி எழுத்தில் இருக்கிறது, கி.மு. 2ஆம் நூற்றாண்டு என்கிறார்கள். 1882-ல் ராபர்ட் சீவெல் கண்ணில் பட்டது. ஆனால் அதைத் தமிழ் என்று கே.வி. சுப்பிரமணிய ஐயர் எடுத்துச் சொன்னது 1924-ல். நெடுஞ்செழியன் பெயரை ஐராவதம் மகாதேவன் வாசித்தது 1960-களில். கல் அங்கேயேதான் கிடந்தது, எழுத்தும் கண்ணுக்கு முன்னால்தான் இருந்தது, இத்தனை வருஷம் அது வாயைத் திறக்கவில்லை.

ஏன் என்று பார்த்தால் உங்கள் கதைக்கான விஷயம் அங்கேயே கிடைக்கும். அசோகர் காலத்து வடக்குப் பிராமியில் ஒரு மெய்யை வெறுமனே எழுதினால் அதில் அகரம் தானாகவே ஏறியிருக்கும், ‘க’ என்று படிக்கணும். மாங்குளத்தில் அதே வடிவம் வெறும் ‘க்’. அகரம் வேண்டுமென்றால் பக்கத்தில் சின்னதாக ஒரு கோடு இழுக்கணும், ஆகாரத்துக்கும் அதே கோடுதான். கொஞ்ச காலம் கழித்து வந்தவர்கள் முறையை மாற்றிவிட்டார்கள்: வெறும் எழுத்து ‘க்’ ஆகவும் இருக்கலாம், ‘க’ ஆகவும் இருக்கலாம், கோடு இழுத்தால் அது ‘கா’ மட்டும். அதற்கும் பிறகுதான் புள்ளி வருகிறது. ஒரே வடிவம், ஒரே கோடு, காலத்துக்குக் காலம் வேற வேற ஒலி. வடக்கு முறையைக் கையில் வைத்துக்கொண்டு மாங்குளத்தைப் படித்தால் எந்தச் சொல்லும் உருப்படியாக வராது.

ஏழ்பாறையில் ஏழு பாறையும் ஏழு காலத்தில் வெட்டியதாக வையுங்கள். எழுத்து எல்லாவற்றிலும் ஒன்றுதான், படிக்கும் முறைதான் வேறு. செவ்வந்தி மூன்றாம் பாறை முறையில் கற்றுக்கொண்டு ஐந்தாம் பாறையின் வாசகத்தைப் படிக்கிறாள், அது வேறு எதையோ எழுப்பிவிடுகிறது. எழுத்து தெரிந்தால் போதாது, எந்தக் காலத்து எழுத்து என்றும் தெரியணும். இந்த ஒரு கட்டுப்பாடே பாதி நாவலைத் தாங்கும்.

இன்னொன்று. இந்தக் குகைகளின் நெற்றியில் மழைத்தண்ணீர் உள்ளே வழியாமல் இருக்க நீளமாக ஒரு காடி வெட்டியிருப்பார்கள், பல இடங்களில் எழுத்து அதை ஒட்டியேதான் இருக்கும். உச்சி வெயிலில் நின்று பார்த்தால் பாறையின் சொரசொரப்பும் எழுத்தும் ஒன்றாகத் தெரியும். சாய்வெயில் விழும்போதுதான் உளி போன பள்ளத்தில் நிழல் தங்கி எழுத்து எழுந்து நிற்கும். மந்திரம் எந்நேரமும் படிக்கக் கிடைக்காது, வெயில் சாய்கிற அந்தக் கொஞ்ச நேரம்தான் என்று வைத்துப் பாருங்கள்.

---

ஏட்டுவீட்டுப்பெண்:

அண்ணன் கல்லைச் சொல்லிவிட்டார், நான் ஓலையைச் சொல்கிறேன். எங்கள் தாத்தா வழியில் வைத்தியச் சுவடிகள் வந்திருக்கின்றன, சின்ன வயசிலிருந்தே அவற்றைத் தொட்டுப் பார்த்து வளர்ந்தவள் நான். கதைக்கு ஓலைதான் நல்லது என்பேன், அதில் வில்லங்கம் அதிகம்.

மெய்யெழுத்துக்குப் புள்ளி வேண்டும், எகர ஒகரத்துக்கும் புள்ளி வேண்டும் என்பது தொல்காப்பிய விதி. ஏட்டில் அந்தப் புள்ளி பெரும்பாலும் இருக்காது. எழுத்தாணி முனையால் குத்தினால் ஓலையில் ஓட்டை விழும் என்பதைத்தான் காரணமாகச் சொல்வார்கள். அதோடு எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் ஒரே கொம்பு, நெடிலுக்கு மேலே சுழிக்கிற வழக்கமெல்லாம் 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்தது. காலும் ரகரமும் ஒரே மாதிரி இருக்கும். சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவில் இடம் விட மாட்டார்கள்.

இப்போது செவ்வந்தி ஓலையில் மழைக்கு எழுதுகிறாள் என்று வையுங்கள். ‘பெய’ என்று இருக்கிறது. அது பெய் ஆகவும் இருக்கலாம், பேய் ஆகவும் இருக்கலாம். மழை கேட்ட ஊருக்கு எது வந்து நிற்கும்? ‘கொல’ என்று இருந்தால் கோல் கேட்கிறாளா, கொல் என்று ஏவுகிறாளா? ‘பரல’ என்று எழுதிய ஓலையைப் பிள்ளைக்குப் பால் என்று நினைத்து வாசிக்கப்போய்ப் பரலாக, பருக்கைக் கல்லாகக் கொட்டினால்? எழுதியவளுக்கு மனசில் எது இருந்தது என்பது ஓலைக்குத் தெரியாது. ஓலையில் இருப்பது கீறல் மட்டும்தான்.

நிஜத்தில் ஏடு படிக்கிறவர்கள் இப்படித் தடுமாறுவது குறைவு, ஏனென்றால் பாட்டு அவர்களுக்கு முன்பே பாடம். சீர் எங்கே உடையும், எதுகை எங்கே விழும் என்று தெரிந்தால் எந்த எழுத்து குறில், எது நெடில் என்று தானாக விழுந்துவிடும். பொறியர் கையில் இருக்கும் ரகசியம் அதுவாக இருக்கட்டும். எழுத்தை யார் வேண்டுமானாலும் பார்த்துக் கற்றுக்கொள்ளலாம், யாப்பைக் காதால் கேட்டுத்தான் கற்கணும். செவ்வந்தி ஒளிந்திருந்து பார்த்தாள் என்று எழுதியிருக்கிறீர்கள் இல்லையா, பார்த்தாள், ஆனால் தூரத்திலிருந்து எதையும் கேட்க முடியவில்லை என்று மாற்றினால் போதும், அவளுக்கு வடிவம் முழுக்கத் தெரியும், வாசிப்பு தெரியாது.

அப்புறம் மை. எழுத்தாணியால் கீறின உடனே ஓலையில் ஒன்றும் தெரியாது, சாய்த்துப் பிடித்தால் மெல்லிசாக நகம் பட்ட தடம் மாதிரி இருக்கும், அவ்வளவுதான். விளக்குக் கரியையும் கோவையிலைச் சாற்றையும் குழைத்து ஓலை முழுக்கத் தடவி, துணியால் துடைத்தால் மேலே இருக்கிற கறுப்பு போய்விடும், கீறலுக்குள் போனது மட்டும் நிற்கும், வரிவரியாக எழுத்து வெளியே வரும். எங்கள் வீட்டில் பழைய ஓலை ஒன்றுக்கு மை ஏற்றினபோது வெறும் ஓலை என்று ஒதுக்கி வைத்திருந்ததில் ஒரு கஷாயக் குறிப்பு முழுசாக வந்தது. மந்திரம் கீறும்போது பிறக்காமல் மை ஏறும்போதுதான் விழித்துக்கொள்ளும் என்று வையுங்கள். கீறியவர் செத்து நூறு வருஷம் கழித்து யாரோ தெரியாமல் மை தடவலாம்.

வடிவம் பற்றி ஒரு வார்த்தை. ஓலையில் நரம்பு ஓடுகிற திசையில் நேர்க்கோட்டை அழுத்தி இழுத்தால் கிழிந்துகொண்டே போகும், வளைவுதான் ஓலைக்குச் சுகம். கல்லில் அதற்கு நேர்மாறு, உளிக்கு நேர்க்கோடு சுலபம், வளைப்பது பாடு. ஆகவே உங்கள் 36 எழுத்தும் எல்லா இடத்திலும் எழுதும்படி இருக்கக் கூடாது. பாறைக்கு மட்டும் ஆன எழுத்து ஒன்று இருந்தால் அதைச் சுமந்து ஊர்விட்டு ஊர் கொண்டுபோக முடியாது.

---

வடக்குமாசிவீதி:

சோழவந்தானிலிருந்து கூப்பிடு தூரத்தில் திருவேடகம் இருக்கிறது, இதுவரைக்கும் யாரும் அதைத் தொடவில்லை! வைகைக் கரையில் எழுத்துக்கு மந்திர சக்தி உண்டு என்று ஒரு கோயிலே நின்று சொல்கிறது.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: பெரிய புராணத்தில் வருகிறபடி, கூன்பாண்டியன் முன்னிலையில் சம்பந்தருக்கும் சமணர்களுக்கும் வாது நடக்கிறது. முதலில் நெருப்பில் ஏட்டைப் போட்டுப் பார்க்கிறார்கள், சம்பந்தர் போட்ட திருநள்ளாற்றுப் பதிக ஏடு பச்சையாகவே இருக்கிறது, மற்றது எரிந்துபோகிறது. அப்புறம் வைகை வெள்ளத்தில் விடுகிறார்கள். ஒரு ஏடு தண்ணீரோடு அடித்துப்போகிறது, சம்பந்தர் ஏடு வெள்ளத்தை எதிர்த்து மேற்கே போய்த் திருவேடகத்தில் ஒதுங்குகிறது.

இதில் நான் கவனிக்கச் சொல்வது, இரண்டு பக்கமும் எழுதின எழுத்து ஒன்றுதான், ஓலையும் ஒன்றுதான். வடிவத்தில் சக்தி இருந்தால் இரண்டு ஏடும் எதிர்த்துப் போயிருக்கணும். ஆக, சக்தி எதில் இருக்கிறது என்று முடிவு பண்ணுவது நெருப்பும் ஆறும்தான். ஏழ்பாறையிலும் அப்படி வைக்கலாம். எழுதி முடித்தவுடன் நடந்துவிடக் கூடாது, எழுதியதை ஆற்றிடம் கொடுக்கணும், ஆறு ஏற்றுக்கொள்ளணும். உங்கள் நெடுமணலில் வருஷத்தில் சில மாதம்தான் தண்ணீர் என்கிறீர்கள். அப்படியானால் மற்ற மாதங்களில் எழுதியதெல்லாம் தண்ணீர் வரும் வரை காத்துக் கிடக்கும். ஊர் முழுக்க மணலில் புதைத்து வைத்த ஓலைகள், யார் என்ன எழுதினார்கள் என்று ஒருவருக்கும் தெரியாது, முதல் வெள்ளம் வருகிறது. இந்தக் காட்சியை நீங்கள் எழுதாவிட்டால் நானே எழுதிவிடுவேன்.

வாதில் தோற்ற சமணர்களைக் கழுவேற்றியதாகப் புராணம் சொல்கிறது. ஆனால் கீழக்குயில்குடி சமணர் மலைக்குப் போனால் செட்டிப்புடவிலும் பேச்சிப்பள்ளத்திலும் தீர்த்தங்கரர் சிற்பங்களுக்குக் கீழே யார் செய்வித்தது என்று வட்டெழுத்தில் வெட்டியிருக்கிறது, அது 9, 10ஆம் நூற்றாண்டு. சம்பந்தர் காலத்துக்கு இருநூறு வருஷத்துக்கும் மேல் கழித்து. தோற்றுப்போனார்கள், ஒழிந்தார்கள் என்று ஒரு பக்கம் கதை ஓடினாலும் மறுபக்கத்தார் பாறையில் பெயர் வெட்டிக்கொண்டு இருந்திருக்கிறார்கள். உங்கள் பொறியருக்கும் எதிராளி எழுத்துக்காரர்கள் வேண்டும், அவர்கள் பாறையில் இன்னும் இருக்கணும்.

வட்டெழுத்து என்றதும் இதையும் சொல்லிவிடுகிறேன். பாண்டிய நாட்டில் நெடுங்காலம் ஓடிய எழுத்து அது. சோழர் ஆட்சி வந்த பிறகு, 11ஆம் நூற்றாண்டிலிருந்து தமிழெழுத்து அந்த இடத்தைப் பிடிக்கிறது, கொஞ்சம் கொஞ்சமாக வட்டெழுத்தைப் படிக்கத் தெரிந்தவர்களே குறைந்துபோனார்கள். சுவரை இடிக்க வேண்டியதில்லை, பிள்ளைகளுக்கு வேறு எழுத்தைச் சொல்லிக்கொடுத்தால் போதும், அந்தச் சுவர் ஊமையாகிவிடும். என்னைக் கேட்டால் மந்திரம் எழுத்தில் இல்லை, படிக்கிறவரிடம்தான் இருக்கிறது. கடைசி வாசகர் செத்தால் மந்திரமும் செத்தது.

---

தகட்டுக்காரர் பேரன்:

வடக்குமாசி அண்ணே, கடைசியில் சொன்னதை மட்டும் ஒத்துக்கொள்ள முடியவில்லை. எங்கள் தாத்தா செப்புத் தகடு எழுதினவர். கட்டம் போட்டு எழுத்தைக் கீறி, பூசை வைத்து, சுருட்டித் தாயத்துக் குப்பிக்குள் அடைத்து, வாயை அரக்கு வைத்து மூடிவிடுவார். அதை அப்புறம் யார் பிரித்துப் படிக்கிறார்கள்? இடுப்பிலோ கையிலோ கட்டியிருக்கிறவருக்கு உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்றே தெரியாது. பிரித்தால்தான் பலன் போகும் என்பார்கள். வாசலில் புதைக்கிற தகடும் அப்படித்தான். படிப்பதற்காகவே எழுதாத எழுத்து என்று ஒன்று இருக்கிறது.

திருமந்திரத்தின் நாலாம் தந்திரத்தில் சக்கரங்கள், அதாவது எழுத்தை அடைத்த கட்டங்கள், வருகின்றன. ஐந்தெழுத்தை ஐந்துக்கு ஐந்து கட்டத்தில் போடும்போது ஒவ்வொரு வரியிலும் எழுத்து இடம் மாறி நிற்கும். எழுத்து அதேதான், எது முதலில் நிற்கிறது என்பதுதான் வேறு. பொறியெழுத்தில் ஒரு சொல்லை எந்த எழுத்தில் தொடங்கிச் சுற்றுகிறோம் என்பதை வைத்து அது காக்குமா கட்டுமா என்று மாறலாம். கட்டத்தில் ஒரு மூலையைத் தப்பாகத் தொடங்கினால் கடைசி மூலையில் எழுத்து வந்து முட்டும், இடம் இருக்காது, தகட்டை உருக்கிவிட்டுத் திரும்ப ஆரம்பிக்கணும். அழித்து எழுதுகிற பேச்சே கிடையாது. செம்பில் கீறியதை அழிக்க முடியாது.

---

வடக்குமாசிவீதி:

தம்பி, தாயத்து விஷயம் சரிதான். அப்படியானால் இரண்டு கட்சியையும் கதைக்குள்ளேயே வைக்கலாம். படித்தால்தான் பலிக்கும் என்பவர்கள் ஒரு பாறை, படிக்காமல் மூடி வைத்தால்தான் பலிக்கும் என்பவர்கள் இன்னொரு பாறை. ஒரே ஓலை இரண்டு பேர் கையிலும் சிக்கினால் ஒருத்தர் பிரிக்கப் பார்ப்பார், ஒருத்தர் புதைக்கப் பார்ப்பார்.

---

பானையோடு:

எழுத்தைப் பற்றி எல்லாரும் நன்றாகச் சொல்லியிருக்கிறீர்கள். எனக்கு உறுத்துவது செவ்வந்தி. குயவர் வீட்டுப் பெண்ணுக்கு எழுத்து இல்லை, உச்சியில் இருப்பவர்களிடமிருந்து திருடித்தான் ஆகணும் என்று ஏன் தொடங்கணும்? நானும் மண் பிசைகிற குடும்பம்தான், வைகைக் கரையில்தான் இருக்கிறோம். இந்த ஊர் மண்ணில் கிடைத்திருப்பது அப்படிச் சொல்லவில்லை.

கீழடியில் 2019-ல் தமிழகத் தொல்லியல் துறை வெளியிட்ட அறிக்கையில் தமிழி, அதாவது தமிழ்ப் பிராமிப் பொறிப்புள்ள பானை ஓடுகள் 56 இருக்கின்றன. ஆதன், குவிரன் என்று ஆட்களின் பெயர்கள். எழுத்தின் கை ஒன்றுபோல் இல்லை, பலர் எழுதியது என்று பார்த்தாலே தெரிகிறது. அரசன் ஆணையோ, தானமோ, பாட்டோ எதுவும் இல்லை, சோறு வைத்த பானை, தண்ணீர் மொண்ட பானை, அதன் தோள்பட்டையில் இது என்னுடையது என்று ஒரு பெயர். அழகர்மலைக் குகையில் எழுதியிருப்பவர்கள் யார் என்று கல்வெட்டு அண்ணனைக் கேளுங்கள். உப்பு வணிகன், கொழு வணிகன், மதுரைப் பொற்கொல்லன். ஏர்க்கொழு விற்றவன் பெயர் இரண்டாயிரம் வருஷமாகப் பாறையில் இருக்கிறது.

எழுத்து வருவதற்கு முன்னாலேயே பானையில் குறியீடு போட்டிருக்கிறார்கள், ஏணி மாதிரி, மீன் மாதிரி, அம்பு மாதிரி. பிறகு எழுத்தும் குறியீடும் கலந்தே கிடைக்கின்றன. செவ்வந்திக்கு அந்தக் குறி தெரியும். அவள் அம்மாவுக்குத் தெரியும், பாட்டிக்குத் தெரியும். பொறியர் அதை எழுத்து என்று ஒத்துக்கொள்ளவில்லை, அவ்வளவுதான். அவள் திருட வேண்டியதில்லை. தன் கையில் இருப்பதும் எழுத்துதான் என்று அவளுக்கு என்றைக்குத் தெரிகிறது என்பதுதான் கதை.

மண்ணுக்குள்ள கட்டுப்பாட்டையும் சொல்கிறேன். பச்சைப் பானையில் கீறுவது வேறு, சுட்ட பானையில் கீறுவது வேறு. பச்சையில் கீறினால் முனை வழுக்கிக்கொண்டு போகும், மண் இரண்டு பக்கமும் உதடு மாதிரி பிதுங்கி நிற்கும், சூளையில் வெந்ததும் அந்த உதடும் சேர்ந்து இறுகிவிடும். சுட்ட பிறகு கீறினால் அப்படி வராது, ஆணி நறநறவென்று இழுக்கும், ஓரம் பொரிந்து பொரிந்து உதிரும், வளைக்கவே முடியாது. கையால் தடவினாலே எது எது என்று சொல்லிவிடலாம். முன்னது செய்தவள் போட்ட குறி, பின்னது வாங்கியவர் போட்ட பெயர். ஒரே பானையில் இரண்டும் இருந்தால் எது சொல்வது நடக்கும்? செய்தவள் குறி முதலா, வைத்திருப்பவர் பெயர் முதலா? பொறியர் வீட்டில் இருக்கிற ஒவ்வொரு பானையும் செவ்வந்தி வீட்டுச் சூளையில் வெந்ததுதானே. அவர்கள் எழுதிய எல்லாவற்றுக்கும் அடியில் இவர்கள் போட்ட குறி ஒன்று கிடக்கிறது.

சூளை வைத்தவர்களுக்குத்தான் தெரியும், கீறி முடித்த பானையில் எது முழுசாக வெளியே வரும், எது வெடித்துக் கிடக்கும் என்று பிரிக்கிற வரைக்கும் சொல்ல முடியாது. ஓரத்தில் அடுக்கினது வேகாமல் போகும், நடுவில் இருப்பது கருகும். ஆறு ஏற்கணும் என்று வடக்குமாசி ஐயா சொன்ன மாதிரி, இங்கே தீ ஏற்கணும்.

---

எழுத்துருவேலை:

வடிவம் காட்டுவது பற்றிக் கேட்டிருந்தீர்கள், நான் எழுத்துரு செய்கிறவன், அதை மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன். சொந்தமாக உருவாக்கின எழுத்தை எழுத்துருவாகச் செய்து நாவல் முழுக்கப் போடாதீர்கள். அச்சில் வந்துவிடும், மின்னூலில் வாசகரின் கருவியில் அந்த எழுத்துரு ஏறாவிட்டால் வெறும் கட்டம் கட்டமாகத் தெரியும். அட்டையிலும் அத்தியாயத் தலைப்பிலும் படமாக வையுங்கள், போதும்.

பிராமி யூனிகோடில் 2010-லேயே வந்துவிட்டது. ஆனால் பழந்தமிழுக்கான புள்ளியும், குறில் எகர ஒகரமும் அதில் சேர்ந்தது 2021-ல்தான். ஏட்டில் இல்லாமல் இருந்த அதே புள்ளி கணினியிலும் கடைசியாகத்தான் வந்தது.

வட்டெழுத்தை அப்படியே எடுத்து வேறு ஒலி கொடுப்பதை நான் செய்ய மாட்டேன். அதைப் படிக்கத் தெரிந்த ஆட்கள் இந்த ஊரிலேயே இருக்கிறார்கள், அவர்கள் கண்ணுக்கு அது முழுக்கப் பிழையாகத்தான் தெரியும். எடுத்தால் ஒலியோடு எடுங்கள், இல்லாவிட்டால் ஓலை, கல், மண் மூன்றும் அனுமதிக்கிற கோடுகளை வைத்துப் புதிதாகச் செய்யுங்கள். பக்கத்தில் எழுத்தைக் காட்டுவதைவிட எழுதுகிற கையைக் காட்டினால் வாசகர் கண்ணில் நிற்கும். இடது கட்டைவிரல் எங்கே அழுத்துகிறது, ஓலை எந்தப் பக்கம் நகர்கிறது, அதெல்லாம்.

---

கொடிக்கால்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. ராத்திரி முழுக்க இதையே படித்துக்கொண்டிருந்தேன்.

36 சக்தி அட்டவணை போய்விட்டது. செவ்வந்தி திருடுகிற பகுதியும் போகிறது, பானையோடு அக்கா சொன்னதுதான் சரி, அவள் கையில் குறி இருக்கிறது, ஊர் அதை எழுத்து என்று சொல்லவில்லை. அவள் அப்பா சுடுகிற பானைகளில் பச்சையிலேயே அவள் குறி போட்டு அனுப்புகிறாள், மழைக்காலத்துக்கு முன்னால் அவை எல்லாப் பாறைக்கும் போய்ச் சேர்ந்துவிடுகின்றன. பொறியர் பக்கம் ஓலை, புள்ளி இல்லாத ஓலை. பஞ்சத்து வருஷத்தில் தலைமைப் பொறியர் மழைக்கு எழுதி வைத்துவிட்டுச் செத்துப்போகிறார், மை ஏற்றாத ஓலை. மை ஏற்ற ஆள் தேடுகிறார்கள், வாசிக்கத் தெரிந்தவர் யாரும் இல்லை. பெய்யா பேயா என்று ஊரே நின்று பார்க்கிற இடத்தில் முதல் பாகத்தை முடிக்கலாம் என்று இருக்கிறேன். ஆறு ஏற்பதை இரண்டாம் பாகத்துக்கு வைத்துக்கொள்கிறேன், அண்ணே, நீங்கள் எழுதிவிட வேண்டாம்.

ஏட்டுவீட்டு அக்காவிடம் ஒன்று கேட்கணும். மை ஏற்றுவது யார் வேலை? எழுதினவரே செய்வாரா, வேறு ஆளா? செவ்வந்தியை அந்த இடத்தில் கொண்டுவந்து நிறுத்த முடியுமா என்று பார்க்கிறேன். அப்படி அவள் மை தடவினால், எந்தச் சொல் என்பதை மாற்ற அவளால் ஏதாவது செய்ய முடியுமா?

---

ஏட்டுவீட்டுப்பெண்:

எங்கள் வீட்டில் எழுதுவது தாத்தா, கரி எடுத்துக் கோவையிலை கசக்குவது பாட்டி. பாட்டிக்குப் படிக்கத் தெரியாது, ஆனால் எந்த ஓலைக்கு எவ்வளவு மை பிடிக்கும் என்று தாத்தாவைவிட நன்றாகத் தெரியும். உங்கள் செவ்வந்தி தாராளமாக அங்கே உட்காரலாம்.

மாற்ற முடியுமா என்றால், முடியும். துடைக்கிற துணி ஈரமாக இருந்தால் கீறல் ஆழமில்லாத இடத்தில் மை பிடிக்காது, எழுத்து பாதி தெரியாமல் போகும். கொம்பு பெரும்பாலும் மெல்லிசாகத்தான் கீறியிருக்கும். அந்த இடத்தைக் கொஞ்சம் அழுத்தித் துடைத்தால் கொம்பே போய்விடும், ‘பெய’ அப்புறம் ‘பய’ என்று நிற்கும். பய் என்று ஒரு சொல் இல்லை, பயம் என்றோ பயன் என்றோ அடுத்த எழுத்தைப் பார்த்துத்தான் முடிவு பண்ணணும். அந்த அடுத்த எழுத்து என்ன என்பதை நீங்கள் யோசித்து வையுங்கள். அத்தியாயம் எழுதினதும் இங்கே போடுங்கள், யாப்பு சரியாக விழுந்திருக்கிறதா என்று நான் பார்க்கிறேன்.